சிங்கரில் உட்காராத துரை

பனியன் கம்பெனியில் சிங்கர் என்றால் பாடுகிறவர் இல்லை. நேராகத் தையல் போடுகிற மிஷினுக்கு எங்கள் ஊரில் அதுதான் பேர். ஓவர்லாக் மிஷினில் உட்காருகிறவர் ஓவர்லாக் டெய்லர், சிங்கரில் உட்காருகிறவர் சிங்கர் டெய்லர். கம்பெனி கேட்டில் தொங்குகிற அட்டையில் ‘சிங்கர் உடனடியாகத் தேவை’ என்று எழுதியிருந்தால், அதைப் பார்த்துவிட்டு யாரும் தொண்டையைச் செருமிக்கொண்டு உள்ளே வரமாட்டார்கள்.

இந்தச் சங்கதி தெரியாத ஒரே ஒரு ஆள் எங்கள் கம்பெனிக்கு வந்தார். அவர் இங்கிலாந்துக்காரர். மேடையை விட்டு இறங்கிப் பல வருசம் ஆனவர், மறுபடி ஏறுவதா வேண்டாமா என்று அவர் திண்டாடிக்கொண்டிருந்த சமயம் அது. அதற்கான முடிவு மங்கலம் ரோட்டில், துணிக் குடோனுக்குப் பின்னால், நாங்கள் சோறு தின்கிற இடத்தில்தான் ஆனது.

நான் அந்தக் கம்பெனியில் முதலில் கைமடியாக இருந்தேன். டெய்லர் பக்கத்தில் நின்று துணியை எடுத்துக் கொடுத்து, தைத்ததை வாங்கி மடித்து வைக்கிற வேலை. கால் வீங்க ஆரம்பித்ததும் முதலாளி என்னை ஆபீஸில் டீ, சாப்பாடு கவனிக்கச் சொல்லிவிட்டார். உட்கார்ந்து எழலாம், நல்ல வேலைதான். ஆனால் முன்பின் தெரியாத மனிதர்கள் எதிரே போய் நிற்க வேண்டும். எனக்கு அது ஆகாது. டீயை மேஜைமேல் வைத்துவிட்டு, அவர்கள் நிமிர்ந்து பார்ப்பதற்குள் கதவுக்கு இந்தப் பக்கம் வந்துவிடுவேன். என் முகம் பார்க்காமலே வருசக் கணக்காக என் டீயைக் குடித்தவர்கள் உண்டு.

எங்கள் கம்பெனியில் வெளிநாட்டுக் குழந்தைகள் படுக்கும்போது போடுகிற பைஜாமாவும் சட்டையும் தைத்தோம். சரக்கு கப்பலுக்குப் போகும் முன்னால், வாங்குகிற கம்பெனியிலிருந்து ஒருவர் வந்து பார்த்துச் சரி என்று சொல்ல வேண்டும். அதற்குத்தான் இவரும் வந்தார். பெரிய உடம்பு, சிவந்த கன்னம், காதோரம் வெள்ளைக் கிருதா. பேர் எங்கள் வாயில் நுழையவில்லை. துரை என்றே வைத்துக்கொண்டோம்.

துரை சரக்குப் பார்க்கிற விதமே வேறு. மற்றவர்கள் டேப்பை எடுத்து நீளம் அகலம் பார்ப்பார்கள். இவர் பைஜாமாவை எடுத்ததும் இரண்டு காலையும் இரண்டு கையில் பிடித்து, கவட்டுத் தையலைப் படக்கென்று இழுப்பார். எழுதவே கூச்சமாக இருக்கிறது, ஆனால் அதுதான் நடந்தது. இழுத்து, அந்தத் தையலைக் காதருகே கொண்டுபோய் ஏதோ கேட்பார். நூல் அறுகிற சத்தம் வராவிட்டால் முகம் மலர்ந்துவிடும். சத்தம் வந்தால் சிரித்துவிட்டு, அப்புறம்தான் ஞாபகம் வந்ததுபோல் அந்தப் பீஸைத் தள்ளி வைப்பார்.

இந்த வித்தை எங்கே கற்றார் என்று சூப்பர்வைசருக்கு ஒரே குடைச்சல். ஒருநாள் தனக்குத் தெரிந்த இங்கிலீசைக் கூட்டி, முன்னால் என்ன வேலை பார்த்தீர்கள் என்று கேட்டேவிட்டார். துரை நெஞ்சில் கை வைத்துத் தலையைச் சாய்த்து, “சிங்கர்” என்றார்.

சூப்பர்வைசர் வெளியே வந்தபோது அவர் நடையே மாறியிருந்தது.

“நம்ம ஆளுங்க. சிங்கர் டெய்லருங்க. அதானுங்க தையலை அந்தப் புடி புடிக்கறாரு” என்று முதல் வரிசையில் சொன்னார். அது கட்டிங் மேஜைக்குப் போய், அயர்ன் மேஜையைச் சுற்றிக்கொண்டு பேக்கிங் வருவதற்குள் துரை லண்டனிலேயே பெரிய சிங்கர் டெய்லர் ஆகிவிட்டார். அங்கேயும் கூலி பீஸ் ரேட்டா, இல்லை ஷிப்ட் கணக்கா என்று பேக்கிங்கில் இரண்டு நாள் விவாதம் நடந்தது. டெய்லர்களுக்கு ஒரு பக்கம் பெருமை, ஒரு பக்கம் பயம். தையல் தெரியாத அதிகாரியை ஏமாற்றிவிடலாம், மிஷினில் உட்கார்ந்தவரை எப்படி ஏமாற்றுவது? அந்த வாரம் எங்கள் கம்பெனித் தையல் நூல் பிடித்தமாதிரி நேராகப் போனது.

அந்தச் சமயத்தில்தான் புதுசாக ஒரு சிங்கர் மிஷின் வந்து இறங்கியது. புது மிஷின் வந்தால் சந்தனம் குங்குமம் வைத்து, பூச்சரம் சுற்றி, கைராசியான ஒருவரை உட்காரவைத்து முதல் தையல் போடச் சொல்வது வழக்கம். இத்தனை பெரிய சிங்கர் டெய்லர் கம்பெனிக்குள்ளேயே இருக்கும்போது வேறு யாரைக் கூப்பிடுவது? முதலாளியும் சரியென்றார். இங்கிலீசு நன்றாகப் பேசுகிற முதலாளியின் மருமகள் மட்டும் அன்றைக்குக் கோயமுத்தூர் போயிருந்தார். அவர் இருந்திருந்தால் எல்லாம் அங்கேயே தெளிந்திருக்கும்.

எல்லா மிஷினையும் நிறுத்தினார்கள். ஜனம் முழுவதும் வட்டமாக நின்றது. கற்பூரம் ஏற்றினார்கள். சூப்பர்வைசர் துரையைக் கையைப் பிடித்து அழைத்து வந்து, பூப்போட்ட மிஷின் பக்கம் காட்டி, “சார், சிங்கர், ப்ளீஸ்” என்றார்.

துரைக்கு முகம் வெளுத்தது. தன் நெஞ்சைத் தொட்டு, என்னையா என்பதுபோல் பார்த்தார். நாங்கள் எல்லோரும் சேர்ந்து தலையாட்டினோம்.  அவர் ஸ்டூலைக் காலால் மெதுவாக ஒதுக்கினார். கோட்டுப் பித்தானைப் போட்டார். மிஷின் தலைமேல் ஒரு கையை வைத்துக்கொண்டார். பாட ஆரம்பித்தார்.

சாயப்பட்டறை பாய்லர் ஓடும்போது பக்கத்துச் சுவரில் கை வைத்தால் ஓர் அதிர்வு வருமே, அப்படி ஆரம்பித்தது அந்தக் குரல். மெதுவாக, கனமாக வந்தது. தூத்துக்குடிப் பக்கமிருந்து வந்து எங்களிடம் வேலை பார்த்த கிறிஸ்தவப் பெண்கள் சட்டென்று முந்தானையை எடுத்துத் தலையில் போட்டுக்கொண்டார்கள். அதைப் பார்த்து, ஓ, இது சாமி பாட்டு என்று எங்கள் ஜனமும் கைகூப்பியது. கற்பூரத் தட்டு வைத்திருந்தவர் அதை மிஷினுக்குக் காட்டுவதா துரைக்குக் காட்டுவதா என்று தெரியாமல் இரண்டு பேருக்கும் காட்டினார்.

திடீரென்று பாட்டு ஓட ஆரம்பித்தது. நூல்கண்டுக் கோனிலிருந்து நூல் உருவுகிற வேகத்தில் வார்த்தை வந்து விழுந்தது. துரை கண்ணை உருட்டினார், தொந்தியைத் தூக்கினார், கீழே விழுந்த எதையோ குனிந்து எடுக்க முடியாமல் திணறுகிற கிழவரானார். ஒரு சுற்று முடிந்ததும் சடாரென நிறுத்தி, ஒரு புருவத்தை மட்டும் மேலே தூக்கி எங்களைப் பார்த்தார். நாங்கள் கூப்பிய கையோடு அவரைப் பார்த்தோம். அடுத்த சுற்று. மறுபடி நிறுத்தினார், புருவம் ஏறியது. நாங்கள் அப்படியே நின்றோம்.

நான் தண்ணீர் டிரம் பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு ஆட்களின் முதுகுப்புறம் தெரிந்தது. ஒருத்தி தன் கையைத் தானே கிள்ளிக்கொண்டிருந்தாள். எதிர்ப்பக்கம் நின்ற சூப்பர்வைசர் உதட்டைக் கடித்தபடி விட்டத்தைப் பார்த்தார். விருந்தாளியின் முகத்துக்கு நேரே சிரிப்பது எங்கள் பக்கத்தில் அவரைக் கைநீட்டி அடிப்பதற்குச் சமம். அதுவும் சாமி காரியத்தில்.

மூன்றாவது தடவை நிறுத்தியபோது துரையின் புருவம் பாதியிலேயே இறங்கிவிட்டது. மீதியைச் சுருக்கி முடித்து, குனிந்து வணங்கினார். தேங்காய் மூடியும் திருநீறும் கொடுத்தோம். சூப்பர்வைசர் அப்போதும் விடாமல் ஸ்டூலை எடுத்துப் போட்டார். துரை அதைப் பார்க்காமலே ஆபீஸுக்குள் போய் உட்கார்ந்துவிட்டார். அன்று அவருக்கு வைத்த ஊத்துக்குளி நெய்யும் பருப்பு சாதமும் வைத்தபடியே இருந்தது.

ஆபீஸ் கதவு சாத்தினதுதான் தாமதம், இங்கே அடைத்து வைத்ததெல்லாம் உடைந்தது. பிசிர் வெட்டுகிற பெண்கள் தரையில் உட்கார்ந்து சிரித்தார்கள். அயர்ன்காரர் பெட்டியை அணைத்துவிட்டு வந்து சிரித்தார். டெய்லர்கள் மிஷினை ஓடவிட்டுச் சிரித்தார்கள், உள்ளே கேட்கக் கூடாதே.

சாயங்காலம் மருமகள் வந்தார். அவரை நாங்கள் அம்மிணி என்றுதான் கூப்பிடுவது. துரையோடு பேசிவிட்டு வெளியே வந்தவர், தலையில் கை வைத்துக்கொண்டு என்னிடம் கேட்டார்.

“ஏனுங்க்கா, அவரு சிங்கர் டெய்லர்னு ஆருங்க சொன்னது? அவரு பாடறவருங்க. நாடகத்துல பாடறவரு.”

மறுநாள் மத்தியானம் துரை தன் கதையை அம்மிணியிடம் சொன்னார். நான் வழக்கம்போல் கதவுக்கு இந்தப் பக்கம் நின்றேன். அம்மிணிக்கு அது தெரியும். எனக்கும் கேட்கட்டும் என்று அவ்வப்போது தமிழிலும் சொல்லிக்கொண்டே வந்தார்.

அவருடைய அப்பா ரொட்டிக் கடை வைத்திருந்தாராம். வீடு வீடாக ரொட்டி போடும்போது பாடிக்கொண்டே போவாராம் இவர். அதைக் கேட்டு ஒரு நாடகக் குழுவில் சேர்த்துக்கொண்டார்கள். பேச்சு கொஞ்சம், பாட்டு நிறைய, எல்லாம் சிரிப்பு, அப்படிப்பட்ட நாடகம். முதலில் பின்வரிசையில் நிறுத்தினார்கள். ஒருநாள் சிப்பாய், ஒருநாள் கல்யாணத்துக்கு வந்த கூட்டம். இவர் குரல் அடிக்குரலும் இல்லை, உச்சக்குரலும் இல்லை, நடுவில் கனமாக நிற்கிற குரல். அதற்குப் பாரிடோன் என்று பேராம். அந்த நாடகங்களில் மெல்லிய குரல்காரனுக்குத்தான் கதாநாயகி கிடைப்பாள். கனத்த குரல்காரன் பெண்ணுக்கு அப்பனாகவோ, ஏமாந்துபோகிற மந்திரியாகவோ வரவேண்டும். அதனால் இளவயசிலேயே முகத்தில் சுருக்கம் வரைந்துகொண்டு மேடை ஏறினாராம். “அப்புறம் சுருக்கம் தானா வந்துருச்சு, மைச் செலவு மிச்சம்ங்கறாருங்க்கா” என்றார் அம்மிணி.

பின்வரிசையிலிருந்து முன்னால் வந்தது ஒரு விபத்தில். கிழட்டு மந்திரி வேஷக்காரருக்குப் பொன்னுக்கு வீங்கி வந்து தாடை உப்பிவிட்டது. தினமும் பின்னால் நின்று கேட்டுக் கேட்டுப் பாட்டு முழுக்க இவருக்கு மனப்பாடம். அந்த ஆளின் உடுப்பை மாட்டி அனுப்பினார்கள். அவர் ஒல்லி, இவர் பருமன். பாட்டு நடுவில் குனிந்து வணங்கியபோது கால்சட்டை பின்பக்கம் டர்ரென்று கிழிந்தது. கொட்டகையே சிரித்தது. இவர் அசரவில்லை. முதுகைக் காட்டாமல், நண்டு மாதிரி பக்கவாட்டிலேயே நடந்து மீதிப் பாட்டைப் பாடி முடித்தாராம்.

மறுநாளிலிருந்து தினமும் கிழியவேண்டும் என்று குழுக்காரர்கள் சொல்லிவிட்டார்கள். கிழிவதும் பாட்டில் அதே இடத்தில் கிழியவேண்டும், முன்னால் கிழிந்தாலும் கெட்டது, பின்னால் கிழிந்தாலும் கெட்டது. உடுப்பு பார்த்துக்கொள்கிற பெண் ஒருத்தி தினமும் சாயங்காலம் அந்த இடத்தை மட்டும் ஒற்றை நூலில் ஓட்டுத்தையல் போட்டுக் கொடுப்பாளாம். இவர் இழுத்துப் பார்த்து, காதில் வைத்துக் கேட்டு, இன்னும் கொஞ்சம் தளர்த்து, இன்னும் கொஞ்சம் இறுக்கு என்பாராம். அப்படி இறுக்கித் தளர்த்திக் கடைசியில் அந்தப் பெண்ணையே கல்யாணம் பண்ணிக்கொண்டார். அம்மிணி இதைச் சொல்லும்போது துரை கதவுப் பக்கம் பார்த்துச் சிரித்தார். நான் இன்னும் கொஞ்சம் நகர்ந்துகொண்டேன்.

ஊர் ஊராக ரயிலில் போய், வாடகை அறையில் தங்கி, நாடகம் போட்டுத் திரிந்த வருசங்கள் அவை. மந்திரி, நீதிபதி, பெண் தேடுகிற கிழவன் என்று அவர் போடாத வேஷம் இல்லை. அப்புறம் ஒரு கடற்கரை ஊரில், ஜனம் எப்போதும் சிரிக்கிற இடத்தில் ஒருத்தர்கூடச் சிரிக்கவில்லை. மறுநாள் அந்த இடம் வரும்போது சிரிப்பு வருமா என்று காத்து நின்றார். வரவில்லை. காத்து நிற்பது தெரிந்துவிட்டால் அது வராதாம். கூட்டம் குறைந்தது, குழுவும் கலைந்தது. மற்றவர்கள் காலம் மாறிப்போச்சு என்றார்கள். இவர் மட்டும் தன்னால்தான் என்று நினைத்துக்கொண்டார். தையல் பார்க்கத் தெரியும் என்பதால் இந்த உத்தியோகம் கிடைத்தது. அதற்குப் பிறகு யார் எதிரிலும் பாடியதில்லை.

இப்போது பழைய ஆட்கள் கூடி அந்த நாடகத்தை மறுபடி போடுகிறார்களாம். மந்திரி வேஷத்துக்கு இவரைத்தான் கூப்பிட்டிருந்தார்கள். அவர் ஊர் திரும்புவதற்குள் பதில் சொல்ல வேண்டும். சரி என்று சொல்லுங்கள் என்று துரையின் வீட்டம்மாவிடமிருந்து ஆபீஸுக்குப் போன் மேல் போன்.

“முந்தாநாள் வரைக்கும் போலாம்னுதான் இருந்தாராமுங்க” என்றார் அம்மிணி. “நேத்து, அவருகிட்ட இருக்கறதுலயே ரொம்பச் சிரிப்பான பாட்டைப் பாடினாராமுங்க. எல்லாரும் சாமி கும்புட்டாங்களாமா. இன்னிக்கே போன் பண்ணி வரலைன்னு சொல்லிப்போடறேங்கறாரு.”

 அம்மிணி நேற்று அந்த நேரத்தில் இல்லை, அவருக்குத் தெரியாது. கதவோரமிருந்தே சொன்னேன்.

“சிரிச்சாங்க அம்மிணி.”

“ஆருங்க்கா?”

“எல்லாருமுங்க. அவரு உள்ள போனதும் வகுறு வலிக்கச் சிரிச்சாங்க. எதுக்க நின்னு எப்புடீங்க சிரிக்கறது, மருவாதி இல்லீங்களா?”

அம்மிணி அதை இங்கிலீசில் சொன்னார். துரை கேட்டுவிட்டு, மெல்லத் தலையாட்டினார். நீங்கள் எல்லாம் ரொம்ப நல்லவர்கள் என்றாராம். நம்பவில்லை. மனசு நோகக்கூடாது என்று சொல்கிறோம் என்றே நினைத்துவிட்டார். போன் பக்கம் கை போனது.

அது சாப்பாட்டு நேரம். குடோனுக்குப் பின்னால் அந்த நேரத்தில் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். முதல் நாள் சாயங்கால டீயிலிருந்து அதுதான் நடந்துகொண்டிருந்தது. எப்படி அந்தக் கதவைத் தாண்டினேன் என்று இன்றுவரை தெரியாது. துரையின் மேஜைக்கு எதிரே போய் நின்றேன். அவர் எழுந்து நின்றார். “வாங்க” என்றேன். தமிழில்தான். கையையும் காட்டினேன். பிறகு திரும்பிப் பார்க்காமல் நடந்தேன். பின்னால் அவர் ஷூ சத்தமும் அம்மிணியின் செருப்புச் சத்தமும் வந்தது.

குடோனின் பின்வாசலோரம் துணி ரோல்களை ஆள் உயரத்துக்கு அடுக்கியிருந்தார்கள். அதன் மறைவில் அவர்களை நிறுத்திவிட்டு, எட்டிப் பார்க்கச் சொன்னேன்.

அந்தப் பக்கம் தூத்துக்குடிப் பெண் ஒருத்தி ஆடிக்கொண்டிருந்தாள். நேற்று முதலில் முந்தானையைத் தலையில் போட்டவள் அவள்தான். இன்றைக்கு ஓர் ஆண்பிள்ளைச் சட்டையை மேலே மாட்டி, உள்ளே வெட்டி மிஞ்சிய பனியன் வேஸ்ட்டை அடைத்துத் தொந்தி வைத்திருந்தாள். இங்கிலீசு மாதிரி ஏதோ ஓர் உளறலை அடிக்குரலில் கடகடவென்று பாடினாள். குனிய முடியாமல் திணறினாள். சடாரென நிறுத்தி, ஒரு புருவத்தை ஏற்றினாள்.

குடோன் தகரம் அதிர்ந்தது. சோற்றுத் தூக்குப்போசியைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார்கள்.

நான் துரையைப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை. மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டார், பைஜாமாத் தையலைக் காதில் வைத்துக் கேட்பாரே, அந்த முகம். அவள் அடுத்த சுற்றை ஆரம்பித்தாள். நிறுத்தவேண்டிய இடம் வருவதற்குள் துரையின் விரல் மேலே எழுந்தது. அவள் நிறுத்தினாள், விரல் இறங்கியது, சிரிப்பு வெடித்தது. துரை அம்மிணியிடம் ஏதோ முணுமுணுத்தார். “அப்ப ஜனம் சிரிச்ச அதே இடத்துலங்கறாருங்க்கா” என்றார் அம்மிணி.

அதற்குள் யாரோ பார்த்துவிட்டார்கள். எல்லோரும் எழுந்து நின்றார்கள். அந்தப் பெண் தொந்தியை உருவப் பார்த்து, பாதிதான் வந்தது.

“ஐயோ, அவுகளே வந்துட்டாகளே” என்று நாக்கைக் கடித்தாள். “சார், தப்பா நெனச்சுக்கிடாதிய. சும்மா வெளாட்டுக்குப் பாடுதேன்.”

துரை நேராக அவளிடம் போனார். கையால் காட்டி, தொந்தி இன்னும் மேலே இருக்கவேண்டும் என்றார். முட்டியை எப்படி மடக்குவது என்று மடக்கிக் காட்டினார். அவள் மடக்கினாள். இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் நின்றார்கள், இரண்டு தொந்தியும் ஒரே உயரத்துக்கு வந்தது. பாட்டு ஆரம்பித்தது. அவர் பாட, இவள் உளற, இரண்டு பேரும் ஒரே நேரத்தில் நிறுத்திப் புருவத்தை ஏற்றினார்கள்.

எங்கள் ஜனம் மறுபடி உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றது. மரியாதை அவ்வளவு சீக்கிரம் விடுமா? ஆனால் சூப்பர்வைசர் அந்த நேரம் பார்த்து வாய் நிறைய மோர் வைத்திருந்தார். அது மூக்கு வழியாக வந்தது. அதற்குப் பிறகு யாராலும் தாங்க முடியவில்லை. துரை அந்தச் சிரிப்பு அடங்கும்வரை புருவத்தை இறக்காமல் நின்றார். அடங்கப்போகிற சமயத்தில் இன்னொரு புருவத்தையும் ஏற்றினார். மறுபடி முதலிலிருந்து.

கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஆபீஸுக்குப் போனவர், உடனே போனை எடுத்தார். ஆபீஸ் வாசலில் எங்கள் கம்பெனி பாதி நின்று பார்த்தது. அம்மிணி உள்ளேயிருந்து எங்களைப் பார்த்து ஒரே ஒரு தலையாட்டல் ஆட்டினார். போகிறார்.

போனார். அந்தச் சரக்கைப் பார்த்து முடித்ததோடு வேலையை விட்டுவிட்டாராம். ஒரு குளிர்காலம் முழுக்க நாடகம் நடந்ததாகவும், கால்சட்டை குறித்த இடத்தில் கிழிந்ததாகவும் அம்மிணிக்குச் செய்தி வந்தது.

எங்களுக்கு அடுத்த சீசனுக்கு வேறு ஆள் வந்தார். இளவயசு, மெலிந்த உடம்பு. கையில் ஒரு பூதக்கண்ணாடி. பித்தான் ஓட்டையில் பிசிர் இருந்தால் தனியாக ஒரு சிவப்பு ஸ்டிக்கர். சாயங்காலத்துக்குள் மேஜை முழுக்கச் சிவப்பாகிவிட்டது. சூப்பர்வைசர் தண்ணீர் டிரம் பக்கம் வந்து, வரிசையே கேட்கும்படி என்மேல் பாய்ந்தார்.

“அக்கா, நீங்க பாட்டுக்கு அந்த மனுசனைக் கூட்டியாந்து காட்டிப்போட்டீங்க. அவரு பாடப் போயிட்டாரு. இப்பப் பாருங்க, இவரு எங்களைப் பாட வெக்கறாரு.”

“தையலை ஒழுங்கா அடிச்சா ஆரு வந்தா என்னுங்க?” என்றேன்.

பேசியது நான்தானா என்று அவர் பார்த்தார். எனக்கும் அந்தச் சந்தேகம் இருந்தது.